‘பொருந்தாது’: ஒரு சொல்லும் மூன்று பொருளும்

கோட்டைப்பட்டினத்துத் துறையில் நிற்கும் விசைப்படகின் எண் ‘ஐஎன்டி-டிஎன்-08-எம்எம்’ என்று தொடங்கும். நாடு, மாநிலம், மாவட்டம் என்று குறுகிவந்து கடைசியில் படகில் முடியும். இதை வாசிக்கத் தெரிந்தவர், விண்டோஸ் 7 அப்டேட் கோப்பின் பெயரையும் வாசித்துவிடலாம் என்பதே இவ்வாய்வின் கருதுகோள்.

சான்று: ‘விண்டோஸ்6.1-கேபி4474419-எக்ஸ்86’. விண்டோஸ் 7-க்கு ஏன் 6.1? வீட்டில் கூப்பிடும் பெயர் வேறு, சர்டிபிகேட்டில் இருக்கும் பெயர் வேறு. நடுவிலுள்ள கேபி எண்தான் ஆளை அடையாளம் காட்டும். விளக்கத்தை நம்புவதில் பயனில்லை. எல்லாவற்றுக்கும் ‘பாதுகாப்பு அப்டேட்’ என்றே எழுதியிருக்கும். சாளையையும் சூடையையும் கூடையில் கலந்து கொட்டியது போல.

ஆய்வுப்பொருள், அக்காள் மகள் பிளஸ் டூவில் வாங்கிய அரசு இலவச லேப்டாப். 2011 செப்டம்பரில் தொடங்கிய திட்டத்தின் முதல் ஈடு. விண்டோஸ் 7 ஸ்டார்ட்டரும் பாஸ் லினக்ஸும் ஒரே பெட்டிக்குள் ஒண்டுக்குடித்தனம். ஆய்வுக்காலம், ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரையிலான மீன்பிடித் தடைக்காலம். ‘தேடப்படுகிறது’ என்று ஓடும் பச்சைக் கோட்டுக்கு அந்த 61 நாளும் போதுமா என்ற ஐயம் எழுந்தது. சர்வீஸ் பட்டியலில் விண்டோஸ் அப்டேட்டை நிறுத்திவிட்டுக் கோப்பைத் திறந்தால் கோடு நகரும் என்பது பிறகு தெரிந்தது. அப்டேட் போட அப்டேட்டை நிறுத்த வேண்டும். இம்முரண் தத்துவத் துறையினருக்கு உரியது.

இனி மையச் சிக்கல். கோப்பைத் திறந்ததும் திரை சொன்னது: ‘இந்த அப்டேட் உங்கள் கணினிக்குப் பொருந்தாது.’

“ஜாதகத்தைத் திருப்பிக் குடுக்குற மாதிரியில்ல சொல்லுது, தம்பி!” என்றார் அக்காள்.

உரையாசிரியர் எவரும் தொடாத இத்தொடருக்கு மூன்று பொருள் கண்டேன். முதற்பொருள், ‘சாதி வேறு’. 86-ஐவிட 64 சிறிய எண்தானே, கிழட்டு லேப்டாப்புக்குப் பாரம் குறையட்டும் என்று எக்ஸ்64 கோப்பை இறக்கியிருந்தேன். எக்ஸ்86 என்றால் 32 பிட். ஸ்டார்ட்டரில் 32 பிட் மட்டுமே உண்டு. கணக்கு வாத்தியார் கண்டால் கண்ணீர் விடுவார். இரண்டாம் பொருள், ‘மூத்தவள் இருக்க இளையவளா?’ 2016-இன் பெருமூட்டை கேபி3125574 உள்ளே வர, 2015-இன் கேபி3020369 முன்னதாக அமர்ந்திருக்க வேண்டும். 2019 ஆகஸ்டுக்குப் பிந்தையவற்றுக்கோ மேலே சான்றாகக் காட்டிய 4474419-ம் அதன் துணையான 4490628-ம் வேண்டும். கையெழுத்து முறையே ஷா-2 என்று மாறிவிட்டது. மூன்றாம் பொருள், ‘இடம் நிரம்பிவிட்டது’: புதியது ஒன்று பழையதை விழுங்கிவிட்டுக் கமுக்கமாக உட்கார்ந்திருக்கும்.

மூன்றில் எது என்று திரை சொல்வதில்லை. தரகரும் சொல்வதில்லை.

2020 ஜனவரி 14-உடன் விண்டோஸ் 7-க்கான பொது ஆதரவு முடிந்துவிட்டதே, இப்போது எதற்கு இந்த உழைப்பு என்று கேட்போருக்கு: பெரும்பாலான ஆய்வுகள் இத்தகையனவே.

விதிவிலக்கு ஒன்று கிடைத்தது. நிறுவியவற்றின் பட்டியலில், யாரும் அழைக்காமல் 2015-இலேயே வந்து உட்கார்ந்திருந்தது கேபி3035583. அதற்குச் சாதியும் தடையில்லை, மூத்தவளும் தடையில்லை. வேலை ஒன்றுதான்: “விண்டோஸ் 10-க்கு மாறிக்கொள்ளுங்கள்” என்று மூலையில் நின்று நச்சரிப்பது. அக்காள் மகள் அதற்கு வைத்திருந்த பெயர் ‘புரோக்கர்’.