அடுக்கு விழுந்த அண்டம்

பத்தின் தோளில் ஏறி உட்கார்ந்திருக்கும் குட்டி எண்ணுக்கு அடுக்கு என்று பெயர், வகுப்பறைகளில் ‘பவர்’. பெரிய எண்களை அறிவியல் குறியீட்டில் எழுதும்போது பூஜ்யங்களின் பாரம் முழுவதையும் சுமப்பது இதுவே. 1637-இல் வெளியான தம் வடிவியல் நூலில் இதை மேலே ஏற்றி நிலைபெறச் செய்தவர் டெகார்ட். விழுந்துவிடாதிருக்க அவர் ஏற்பாடு எதுவும் செய்யவில்லை.

அதனால் விழுகிறது. வினாத்தாளை டைப் அடிக்கும்போதும், ஒரு கோப்பிலிருந்து இன்னொன்றில் வெட்டி ஒட்டும்போதும் 10²³ என்பது சத்தமில்லாமல் 1023 ஆகிவிடுகிறது. இதை அச்சுப்பிழை என்று தள்ளுவோர் உளர். பிழையன்று, வேறோர் அண்டத்தின் வரைபடம் என்பதே எம் துணிபு.

சான்று காட்டுக எனின், காட்டுதும். ஒளியின் வேகம் விநாடிக்கு 3×10⁸ மீட்டர். அடுக்கு விழுந்தால் 3×108, அதாவது 324 மீட்டர். அறை வெப்பநிலையில் காற்றில் ஒலியின் வேகமே சுமார் 343 மீட்டர். ஆகவே அவ்வண்டத்தில் இடி முந்தும், மின்னல் பிந்தும். சூரியனின் தொலைவு 1.5×10¹¹ மீட்டர், விழுந்தபின் 1,516 மீட்டர் சொச்சம். ஷேர் ஆட்டோ தூரம். அண்டத்தின் வயது 4.35×10¹⁷ விநாடி, அது ஒன்றேகால் மணி நேரத்துக்கும் குறைவாகச் சுருங்கி, தமிழ்ப் படமாயின் இன்னும் இடைவேளைகூட வந்திராது.

நிறையில்தான் விவகாரம் முற்றுகிறது. பூமி 5.97×10²⁴ கிலோ, விழுந்தால் ஆறு டன், ஒரு லாரி லோடு. சூரியன் 1.99×10³⁰ கிலோ, விழுந்தால் இரண்டே டன். இலேசானது கனமானதைச் சுற்றும் ஆதலால், சூரியன் பூமியைச் சுற்றுகிறது என்பது ஐயமற நிறுவப்பட்டது. 1633-இல் கலிலியோவைத் தண்டித்த ரோமாபுரி விசாரணை மன்றத்துக்கு இறையியல் அறிஞர்கள் தேவைப்பட்டிருக்க மாட்டார்கள், கவனக்குறைவான ஒரு டைப்பிஸ்ட் போதும். அத்தண்டனையைக் கேள்விப்பட்டு, பூமி சுற்றுவதாகத் தாம் எழுதிவைத்திருந்த நூலை வெளியிடாமல் நிறுத்திக்கொண்டவர் யார் என்றால், அடுக்கை மேலே ஏற்றிய அதே டெகார்ட். நான்கே ஆண்டில் அவரே அவர்களுக்கொரு மாற்றுவழி திறந்துவிட்டார், மன்றத்தார்தான் கவனிக்கவில்லை.

அஃதேல் எதிர்ம அடுக்குகள்? எலக்ட்ரானின் மின்னூட்டம் 1.6×10⁻¹⁹ கூலும் என்று அளவை மட்டும் சொல்லி, அது எதிர்மின்னூட்டம் என்பதைப் பாடநூல்கள் தனி வாக்கியத்தில் வைக்கும். அடுக்கு விழுந்தால் 1.6×10-19. பெருக்கிக் கழித்தால் விடை -3. குறியையும் சேர்த்தே சொல்லிவிடும் இதன் நேர்மை குறிப்பிடத்தக்கது.

விழாமலிருக்க வழி கண்டவர்கள் கணிப்பொறிக்காரர்கள். அக்கால அச்சுப்பொறியில் எழுத்தை மேலே ஏற்ற வசதியில்லை. எனவே 1957-இல் வந்த ஃபோர்ட்ரான் மொழியில் 6.022E23 என்று எல்லாவற்றையும் ஒரே வரியில் இறக்கி உட்காரவைத்தார்கள். பாதுகாப்பான ஏற்பாடுதான். ஆனால் இம்மரபின் வாரிசான எக்செல், பன்னிரண்டு இலக்கம் கண்டாலே அதைக் கோள்களின் நிறை என்று எண்ணிக்கொள்கிறது. ஆதார் எண்ணுக்குப் பன்னிரண்டு இலக்கம். பட்டியலில் உள்ளவர்கள் வரிசையாக 4.57E+11, 8.12E+11 என்று வானியல் பொருட்களாகிவிடுகிறார்கள். பதினாறு இலக்க வங்கிக் கணக்கு எண்ணாயின் கடைசி இலக்கத்தைப் பூஜ்யமாக்கிவிடும்; எண் என்றால் பதினைந்து இலக்கத்துக்கு மேல் அது நினைவில் வைப்பதில்லை. விவரமறிந்த அலுவலர்கள் முன்னால் ஒற்றை மேற்கோள்குறி ஒன்றைத் தட்டி, இது எண்ணே அல்ல, வெறும் எழுத்து என்று அதை நம்பவைத்துவிட்டு அடுத்த வரிக்குப் போகிறார்கள்.