வெயில் விற்பனைக்கு

ஃப்ளாட்டில் வெயிலே எட்டிப் பார்ப்பதில்லை. எல்.இ.டி. விளக்கைக் காட்டித் துளசியை ஏமாற்ற முடியுமா?
*(வாசகி, செகந்திராபாத்)*

ஏமாற்றுவானேன்? வயிறாரப் போடலாமே! இலைக்குப் பசி சிவப்பு, நீல ஒளியில்தான். சாதாரண வெள்ளை எல்.இ.டி.யிலும் இரண்டும் உண்டு. ஆனால் கூரையில் மாட்டிய விளக்கு நமக்குப் போதும், துளசிக்குப் போதாது. செடிக்கு மேலே ஒரு முழத்துக்குள் தொங்கவிடுங்கள்.

ராத்திரியும் எரியவிட்டால் இரண்டு மடங்கு வளருமா?
*(வாசகர், மெஹதிப்பட்டினம்)*

அது செடியைப் பொறுத்தது; உங்கள் வீட்டுப் பப்பில் வேகும் துவரையைக் கேளுங்கள். 22 மணி நேர ஒளியில் கோதுமை ஆண்டுக்கு 6 தலைமுறை வரை காணும் என்று ஆஸ்திரேலியாவின் குயின்ஸ்லாந்து பல்கலைக்கழகத்தார் 2018-ல் எழுதினார்கள். துவரையிடம் அந்த வித்தை பலிக்காது. நீண்ட இருட்டு கிடைத்தால்தான் அது பூக்கும். உங்கள் ஹைதராபாத்தை ஒட்டிய பட்டான்செருவில் இருக்கும் இக்ரிசாட் பயிர் ஆராய்ச்சி நிறுவன விஞ்ஞானிகள் விளக்கின் நேரம், நிறம், அறையின் வெப்பம் எல்லாவற்றையும் அதன் மனம்போல மாற்றி, ஆண்டுக்கு 2 முதல் 4 தலைமுறை எடுக்கும் முறையை 2024-ல் அறிவித்தார்கள். இதனால், மழையை மட்டும் நம்பித் துவரை போடும் விவசாயிக்குப் புது ரகம் சில ஆண்டுகள் முன்னதாகக் கிடைக்கும். இதைவிட நல்ல வேலை ஒரு விளக்குக்கு உண்டா?

கரண்ட் பில்?
*(வாசகர், மல்காஜ்கிரி)*

20 வாட் விளக்கு தினம் 12 மணி நேரம் எரிந்தால் மாதம் 7 யூனிட் சொச்சம். வெயில் வரும் ஜன்னலோரம் காலி என்றால் அதுவும் மிச்சம்.