எழுந்து நின்று கேளுங்கள்!

கேள்வி: ஃபேஷன் புகைப்படக்காரர் ஒருவர் உடற்பயிற்சி வீடியோ எடுக்கப் போனால் தேறுவாரா?

பதில்: அமெரிக்காவின் ரான் ஹாரிஸ் தேறினார். மாடல் அழகிகளைப் படம் பிடித்துக்கொண்டிருந்தவர், 1980-களின் தொடக்கத்தில் 'ஏரோபிசைஸ்' என்று ஒரு வீடியோ எடுத்தார். அது ஷோடைம் சேனலிலும் ஓடியது. அடுத்து 1983-ல், கனடாவில் எடுத்த 'டுவென்டி மினிட் வொர்க்அவுட்' டிவி தொடர். எல்லை தாண்டி அமெரிக்க வீடுகளுக்குள்ளும் குதித்தது.

கேள்வி: அவருக்கு உடற்பயிற்சி தெரியுமா?

பதில்: கல்யாண வீடியோ எடுப்பவருக்கு மந்திரம் தெரியுமா?

கேள்வி: அப்படி என்ன புதுமை செய்துவிட்டார்?

பதில்: அவருக்கு முன்னால் அமெரிக்க டிவி-யில் உடற்பயிற்சி என்றால் ஜாக் லாலேன். 1951-ல் தொடங்கியவர், வீட்டு நாற்காலியே போதும் என்று இல்லத்தரசிகளைக் குனிய வைத்து நிமிர்த்தினார். ஹாரிஸ் நாற்காலியைத் தூக்கிவிட்டார். சுவரையும் தூக்கிவிட்டார். ஃபேஷன் ஸ்டுடியோவில் தரை எங்கே முடிகிறது, சுவர் எங்கே தொடங்குகிறது என்று தெரியாதபடி வெள்ளைப் பின்னணி வைப்பார்கள் அல்லவா, அதை அப்படியே கொண்டுவந்தார். நடுவில் சுழலும் மேடை. அதன்மேல் பளபள உடையில் பெண்கள். கேமரா தரையோடு தரையாக. பத்திரிகை அட்டைப்படம் எழுந்து குதித்த மாதிரி இருந்தது. படமாக்கிய விதத்தில் குறையே சொல்ல முடியாது.

கேள்வி: ஆண்கள்தான் விரும்பிப் பார்த்தார்களாமே?

பதில்: பார்த்தார்கள். எத்தனை பேர் சோபாவை விட்டு எழுந்தார்கள் என்பதுதான் கேள்வி.

கேள்வி: ஜேன் ஃபாண்டாவும் அதே காலம்தானே? என்ன வித்தியாசம்?

பதில்: கேமரா நிற்கும் இடம்தான் வித்தியாசம். ஃபாண்டாவின் கேசட்டில் அது மாணவியின் இடத்தில் நிற்கும். ஹாரிஸிடம் வேடிக்கை பார்ப்பவரின் இடத்தில். செய்கிறவருக்கு முழு உடம்பும் தெரிய வேண்டும்: முட்டி எவ்வளவு மடங்குகிறது, பாதம் எந்தப் பக்கம் திரும்புகிறது. இடுப்பை மட்டும் நெருக்கத்தில் காட்டினால் ரசிக்கலாம், கற்றுக்கொள்ள முடியாது. ஃபாண்டா நடிகைதான், ஆனால் 1979-லேயே பெவர்லி ஹில்ஸில் பயிற்சிக்கூடம் திறந்தவர். 1982-ல் வந்த அவருடைய முதல் கேசட்டின் விலை 59.95 டாலர். வீட்டில் விசிஆர் வைத்திருந்தவர்களே குறைவான காலம் அது. அப்படியும் வாங்கினார்கள். தொடர்ந்து வந்த கேசட்டுகளையும் சேர்த்து ஒரு கோடியே எழுபது லட்சம் விற்றன. சும்மா பார்ப்பதற்கு யாரும் அவ்வளவு பணம் கொடுக்க மாட்டார்கள். (வாங்கி அலமாரியில் வைத்தவர்களை விட்டுவிடுவோம். நம் வீட்டு டிரெட்மில்லில் துணி காய்கிறது.)

கேள்வி: 'டுவென்டி மினிட் வொர்க்அவுட்' பெண்கள் யாராவது சினிமாவுக்குப் போனார்களா?

பதில்: முன்னால் நின்று பயிற்சி தந்த பெஸ் மோட்டா போனார். 1984-ல் வந்த 'டெர்மினேட்டர்' படத்தில் கதாநாயகியின் அறைத்தோழி. காதில் ஹெட்போனை மாட்டிக்கொண்டு ஆடியதில் கொல்ல வந்த அர்னால்டு வீட்டுக்குள் நுழைந்ததே அவருக்குத் தெரியாது. அத்தனை உடற்பயிற்சியும் வீண்.

கேள்வி: ஹாரிஸ் அப்புறம் என்ன செய்தார்?

பதில்: 1999-ல் மாடல்களின் கருமுட்டையை இணையத்தில் ஏலத்துக்கு வைத்தார். ஆரம்ப விலையே 15,000 டாலர். மருத்துவர்கள் கொதித்தார்கள். அழகு பரம்பரையாக வருமோ என்னவோ, லைட்டிங்கும் மேக்கப்பும் வராது. அது ஊரில் யாருக்குத் தெரியாவிட்டாலும் ஒரு ஃபேஷன் போட்டோகிராஃபருக்குத் தெரிந்திருக்க வேண்டும்.

கேள்வி: நானும் போட்டோகிராஃபர். ஃபிட்னஸ் வீடியோவில் இறங்கலாமா?

பதில்: தாராளமாக. நல்ல பயிற்சியாளரைப் பிடியுங்கள், தலை முதல் பாதம் வரை ஃபிரேமில் வையுங்கள், எண்ணுவது காதில் தெளிவாக விழட்டும். எடுத்து முடித்ததும் அதைப் போட்டு நீங்களே ஒருமுறை செய்து பாருங்கள். பாதியில் உட்கார்ந்து பார்க்கத் தோன்றினால், மறுபடி எடுங்கள்.