புழல்ல இருவது வருசம்

வா தம்பி, குந்து. கையில இன்னா அது, பளபளன்னு? வீட்டு விளம்பர நோட்டீசா? குடு பாப்போம். "சென்ட்ரலிலிருந்து 20 நிமிடம்"னு போட்டிருக்கான். போலாம், போலாம். காத்தால மூணு மணிக்கு, ஜி.என்.டி. ரோட்ல ஒரு லாரியும் இல்லாதப்போ, ஆம்புலன்சுல படுத்துகினு போனா போலாம். மெட்ரோ ரயில் படம் வேற. அது வர்றது மாதவரத்துக்கு. இவன் உன் வீட்டு வாசப்படியிலேயே நிறுத்தி வெச்சிருக்கான்.

புழல்ல வீடு வாங்குறது நல்ல சேதிதான். ஆனா சொந்தக்காரன் கிட்ட சொல்றப்போ பாத்துச் சொல்லு. "புழல்ல இருவது வருசம்"னு மொட்டையா சொன்னா, "கேஸ் இன்னாப்பா?"ன்னு கேட்டுடப் போறான். புழல் ஜெயிலுக்குள்ள இருக்கிற ஆயுள் கைதிக்காவது 14 வருசம் போனா விடலாமான்னு யோசிக்க ஆளு இருக்குது. உனக்கு?

சரி, எவ்ளோ வீடு? 50 லட்சம். பேங்குல 40 தர்றாங்க, எட்டரை வட்டி, 20 வருசம். மாசம் எவ்ளோன்னு கேட்டா டக்குனு சொல்ற, 34,713ன்னு. ஒத்த ரூபா கூட விடாம ஞாபகம் வெச்சிருக்கியே! இப்ப நான் ஒண்ணு கேக்குறேன். மொத்தம் எவ்ளோ கட்டுவ?

பாத்தியா, முழிக்கிற. தக்காளி வாங்கப் போனா கிலோ இன்னா வெலைன்னு நாலு கடை ஏறி எறங்குற. ஆயுசுலயே பெரிய சரக்கு வாங்கப் போறே, மொத்த வெலை கேக்கலியே. பி.காம். படிக்கிற என் பேத்தி போன்ல தட்டிச் சொல்லிச்சு, கேட்டுக்க. 83 லட்சத்து 31 ஆயிரம். வாங்கினது 40. வட்டி மட்டும் 43 லட்சத்துக்கு மேல. ஒரு வீடு உனக்கு, ஒரு வீடு பேங்குக்கு. கிரகப்பிரவேசம் மட்டும் ஒண்ணுக்குத்தான்.

நான் செங்குன்றம் ரைஸ் மில்லுல நாப்பது வருசம் மூட்டை பாத்தவன். எனக்கு வட்டிக் கணக்கு தெரியாது. நெல்லுல எது அரிசி, எது உமின்னு தெரியும். நீ கட்டுற தவணையும் நெல்லு மூட்டைதான். அசலுக்குப் போறது அரிசி, வட்டிக்குப் போறது உமி. மில்லுல நூறு கிலோ நெல்லு போட்டா அறுவது அறுவத்தஞ்சு கிலோவாவது அரிசி வரும். உன் மொத மாசத் தவணையில எவ்ளோ அரிசின்னு நெனைக்கிற? 34,713ல 28,333 உமி. 6,380தான் அரிசி. இப்படி ஒரு மில்லு எங்கியாவது ஓடிச்சுன்னா மண்டிக்காரன் மொதலாளியைத் தெருவுல இஸ்துப் போட்டு ஒதைப்பான். நீ பூச்செண்டு குடுத்துட்டு, மேனேஜரோட போட்டோ எடுத்துக்கினு வர்ற.

மொத வருசம் பூரா 4 லட்சத்து 16 ஆயிரம் கட்டியிருப்ப. கடன் கொறஞ்சது 80 ஆயிரம் கூட வராது. அஞ்சு வருசம் கட்டு. கையை விட்டுப் போனது 20 லட்சத்து 82 ஆயிரம். கடன்ல கொறஞ்சது நாலே முக்கா லட்சம். இன்னும் 35 லட்சம் அப்படியே குந்திகினு இருக்கும். உமியை விட அரிசி அதிகமா விழ ஆரம்பிக்கிறது பன்னெண்டாவது வருசம் முடியறப்போதான். அதுக்குள்ள நீ அந்த வீட்டை வித்துட்டு வேற பக்கம் போயிட்டேன்னு வெய்யி, உமியை மட்டும் கட்டிட்டு எழுந்து போன கதைதான்.

பேங்கு ஏமாத்துதுன்னு நான் சொல்லல. பாக்கி இருக்கிறதுக்கு வட்டி போடுறான், மொதல்ல பாக்கி அதிகம், அதனால வட்டியும் அதிகம். கணக்கு சுத்தம். அந்தக் கணக்குத் தாளை உன்கிட்டதான் குடுத்திருக்கான், 240 மாசத்துக்கும் வரிசையா. நீ தாளைத் திருப்பிப் பாத்தியா? அதுக்குப் பின்னாடி மளிகை லிஸ்ட்டு எழுதியிருக்குதே உன் வூட்டுக்காரி.

"மாசம் கொஞ்சம் பாரமா இருக்குது தாத்தா, 30 வருசம்னு ஆக்கிட்டா 30,757தான் வருது"ன்றியா? அடேங்கப்பா, மாசம் 3,956 மிச்சம்! பேத்தி, தட்டு. மொத்தம் 1 கோடியே 10 லட்சம். அந்த மூவாயிரத்துச் சொச்சத்தை மிச்சம் புடிக்க 27 லட்சம் கூடக் கட்டுற. வட்டியில கால் பைசா கொறைக்க நாலு பேங்கு ஏறி எறங்குறவன், வருசத்துல பத்தைக் கண்ண மூடிக்கினு ஏத்திக்கிறான். வட்டியை விட வருசம்தான்டா கொல்லும்.

அந்த எட்டரையும் எட்டரையாவே நிக்கும்னு உனக்கு யாரு சொன்னா? 2021ல ஆறரை வட்டியில ஒருத்தன் 40 லட்சம், 20 வருசம்னு வாங்கினான்னு வெச்சுக்க. தவணை 29,823. ரிசர்வ் பேங்கு மத்த பேங்குங்களுக்குக் குடுக்குற கடனோட வட்டி, அதான் ரெப்போ, 4ல இருந்துச்சு, ஊரே கொண்டாடிச்சு. 2022 மே மாசம் ரிசர்வ் பேங்கு ஏத்த ஆரம்பிச்சு, 2023 பிப்ரவரிக்குள்ள ஆறரைக்குக் கொண்டாந்து வுட்டுச்சு. இவன் வட்டியும் அது பின்னாடியே ஓடி ஒன்பது ஆயிடுச்சு. 40 லட்சத்துக்கு ஒன்பது வட்டின்னா மாசம் 30,000. அவன் தவணையோ 29,823. வட்டிக்கே 177 ரூபா துண்டு விழுது! கொஞ்சம் அசல் கட்டியிருந்தவனுக்கு நூலளவுல தப்பிச்சுது, அவ்ளோதான். தவணையை ஏத்தினா ஆளு கத்துவான்னு நெறைய எடத்துல வருசத்தை இழுத்து வுட்டாங்க. போன்ல ஒரு மெசேஜ் வந்திருக்கும், கிரிக்கெட் ஸ்கோருக்கும் பீட்சா ஆஃபருக்கும் நடுவுல. யாரு படிச்சா?

அந்தக் கூத்துக்கு அப்பால, 2023 ஆகஸ்ட்டுல ரிசர்வ் பேங்கே சொல்லிடுச்சு, வட்டி மாறுனா தவணையை ஏத்துறதா, வருசத்தை நீட்டுறதான்னு கடன்காரனைக் கேளுங்கடான்னு. கேப்பாங்க. நீ பதில் சொல்லணும். 2025ல ரெப்போவை நாலு தடவை கொறச்சு 5.25க்குக் கொண்டாந்தாங்களே, அதுல உனக்கு எவ்ளோ வந்துச்சுன்னும் நீதான் கேக்கணும். பேங்குக் கடன்னா 2019 அக்டோபர்லேருந்து ரெப்போ மாதிரி வெளி அளவோட கட்டிப் போட்டிருக்காங்க. வீட்டுக்கடன் கம்பெனிங்களுக்கு அந்தக் கட்டு கெடையாது. அங்க ஏறும்போது லிப்ட்டு, எறங்கும்போது படிக்கட்டு.

இதுக்கு முன்னாடி ஒரு செலவு இருக்குது, அதை நோட்டீசுல தேடாத. பத்திரச் செலவு. தனி வீடு கிரயம்னா முத்திரைத் தீர்வை 7, பதிவுக் கட்டணம் 2, ஆக 9 சதவீதம். 2023ல பதிவுக் கட்டணத்தை நாலுலேருந்து ரெண்டா கொறச்சாங்கன்னு ஜனம் சந்தோசப்பட்டுச்சு. அதே கையால, 2017ல 33 சதவீதம் கொறச்சு வெச்சிருந்த வழிகாட்டி மதிப்பைத் திரும்ப ஏத்திட்டாங்க. 50 லட்சத்துக்கு நாலரை லட்சம். அதை வீட்டு வெலையில சேத்து பேங்குல கடன் தர மாட்டான். உன் கைக்காசு 10 லட்சம், பத்திரத்துக்கு நாலரை, அப்பால பத்திரத்தை பேங்குல அடமானமா வெக்கிறதுக்கான எம்.ஓ.டி. பதிவு, வக்கீல் ஒப்பீனியன், பிராசசிங் பீஸ். பதினஞ்சு லட்சம் வேணும். வெச்சிருக்கியா? "நகையை வெச்சுடலாம், மீதிக்கு பர்சனல் லோன்"ன்ற. வீடு வாங்குற கடனை வாங்க ஒரு கடன்! யானை வாங்குறதுக்கு முன்னாடியே அங்குசத்துக்குக் கடன் வாங்குற மொத ஆளு நீதான்.

இன்னும் கேளு. கடனோட சேத்து இன்சூரன்ஸ் எடுத்தே ஆவணும்னு சொல்லியிருப்பாங்களே? ஒன்னரை லட்சம்னு வெச்சுக்க, "கடன்லியே சேத்துடலாம் சார், உங்களுக்குத் தெரியவே தெரியாது"ன்னு. தெரியாதுதான். இருவது வருசத்துல அது 3 லட்சத்து 12 ஆயிரம் ஆவறது யாருக்குத் தெரியும்? குடும்பத்துக்காக ஒரு காப்பீடு வேணும், நான் வேணாம்னு சொல்லல. அவன்கிட்டயேதான் வாங்கணும்னு சட்டம் ஒண்ணும் இல்ல. வெளிய டேர்ம் இன்சூரன்ஸ் வெலை கேட்டுப் பாரு.

அப்புறம் அந்த மாடுலர் கிச்சன். சிரிக்காத. உங்க பாட்டி ஒரு சிமெண்ட்டு மேடை, ரெண்டு அலமாரி வெச்சு ஊருக்கே சமைச்சுப் போட்டா. உனக்கு டிராயர் தானா மூடிக்கணும். 5 லட்சம், அதையும் இதே கடன்ல சேத்துட்டா மாசம் 4,339தான்னு சொல்றான் இன்டீரியர்காரன். இருவது வருசத்துக்கு 10 லட்சத்து 41 ஆயிரம். பிளைவுட்டு எட்டாவது வருசம் ஊதிக்கும். உப்பிப்போன கதவைக் கழட்டி பழைய இரும்புக்காரனுக்குப் போட்டாலும் வாங்க மாட்டான், ஆனா பன்னெண்டு வருசம் அதுக்குத் தவணை ஓடும். சுண்டக்கா கால் பணம், சுமைகூலி முக்கால் பணம்னு சொன்னவன் உன் சமையக்கட்டைப் பாத்துட்டுதான் சொல்லியிருக்கணும்.

"வரி மிச்சமாவுதே தாத்தா!" ஆவட்டும். பழைய வரித் திட்டத்துல இருந்தா, நீ குடியிருக்கிற வீட்டு வட்டியில வருசம் 2 லட்சம் வரைக்கும் வருமானத்துல கழிச்சுக்கலாம். புதுத் திட்டத்துல அது கெடையாது. நீ எதுல இருக்க? தெரியாதா? ஆடிட்டரைக் கேட்டுச் சொல்றியா? பேஷ். இருந்தாலும் கணக்கு இன்னா? நூறு ரூபா உமிக்குக் குடுத்தா, மிஞ்சி மிஞ்சி முப்பது ரூபா திரும்பி வரும். அந்த முப்பதுக்காக நூறைத் தூக்கிக்கினு ஓடுறவனைப் பாத்தா எனக்குக் கொரங்கு ஆப்பத்தைப் பங்கு போட்ட கதைதான் ஞாபகம் வரும்.

இருப்பா, மூஞ்சைத் தொங்கப் போடாத. உன் பிரெண்டு ஒருத்தன் இருக்கானே, இந்த 83 லட்சக் கணக்கை வாட்சப்புல பாத்துட்டு "வீடே வாங்காதீங்கடா"ன்னு குதிக்கிறானே, அவனும் அரைவேக்காடுதான். இன்னிக்கு 34,713 உன் சம்பளத்துல பாதியை முழுங்கும். வட்டி மாறலேன்னா பத்தொம்பதாவது வருசமும் அதே 34,713தான், ஆனா அன்னிக்கு அதுக்கு இந்தக் கனம் இருக்காது. நான் மில்லுல சேந்தப்போ வாங்கின மாசச் சம்பளத்தை இன்னிக்கு எடுத்துகினு பிரியாணிக் கடைக்குப் போனா வெங்காயப் பச்சடி வாங்கலாம். வாடகை ஏறிகினே போவும், தவணை அந்த மாதிரி ஏறாது. வாடகையா குடுக்குறதுல ஒரு மணி அரிசி கூட இல்ல, மொத்தமும் உமி. அதனால வீடு வாங்கு. எவ்ளோ வாங்குற, எத்தினி வருசம் இழுக்குற, அதுலதான் இருக்குது வேலை.

முன்கூட்டியே கட்டு. மொத வருசக் கடைசியில, தீபாவளி போனசோ சீட்டுத் துட்டோ, ஒரே ஒரு லட்சம் அசல்ல கட்டிப் பாரு. வாலுல பதிமூணு தவணைக்கு மேல காணாமப் போவும். நாலரை லட்சம்டா! அதே ஒரு லட்சத்தைப் பதினஞ்சாவது வருசம் கொண்டு போய்க் கட்டினா நாலு தவணைதான் கொறயும். அதனால புது வீட்டுக்குப் போன கையோட பெரிய டிவி வாங்காத. பழைய டிவியிலயும் அதே சீரியல்தான் ஓடுது, அதே மாமியார்தான் அழுவுறா. மாறுற வட்டியில தனி ஆளு வாங்கின வீட்டுக் கடனை முன்னாடி அடைச்சா அபராதம் போடக் கூடாதுன்னு 2012லயே ரிசர்வ் பேங்கு பேங்குங்களுக்குச் சொல்லிடுச்சு. பயப்படாம போ. "தவணையைக் கொறைக்காதீங்க, வருசத்தைக் கொறைங்க"ன்னு எழுதிக் குடு. வாயால சொன்னா காத்துல போயிடும்.

வீட்டை எப்ப போய்ப் பாத்த? பங்குனியிலயா? நான் ஒரு காலத்துல இப்படித்தான் கோடையில ஒரு மனை பாத்தேன். மாசத் தவணை, அட்டையில சீல், அறுவது சீல் குத்தி முடிச்ச அன்னிக்குத்தான் தெரிஞ்சுது அது ஏரிப் புறம்போக்குன்னு. மழையில அங்க மீனு புடிச்சேன், அதான் வட்டி. இந்தப் புழல் ஏரி பல தலைமுறையா சென்னைக்குத் தண்ணி குடுக்குது. அதுக்குக் கோவம் வந்தா உபரி நீர் எந்த வழியா எண்ணூருக்குப் போவும்னு ஒவ்வொரு மழைக்கும் அரசாங்கமே பேரு சொல்லிப் படிக்குது: நாரவாரிக்குப்பம், வடகரை, கிராண்ட்லைன், வடபெரும்பாக்கம், கொசப்பூர், மணலி, சடையங்குப்பம்னு. அந்த லிஸ்ட்டை நோட்டீசு பக்கத்துல வெச்சுப் படி. மூலப்பத்திரம், வில்லங்கம், பட்டா எல்லாம் பாத்துட்டு, ஐப்பசியில ஒரு தடவை லுங்கியை மடிச்சுக் கட்டிகினு போய் நடந்து பாரு. எதுவரைக்கும் நனையுதுன்னு பக்கத்து வீட்டுக்காரன் செவுத்துலயே கோடு இருக்கும்.

இதெல்லாம் பாத்து வாங்கி, கட்டி, கடைசித் தவணையும் முடிச்சேன்னு வெய்யி. சார்பதிவாளர் ஆபீசுல எம்.ஓ.டி.யை ரத்து பண்ண மறந்துடாத, இல்லேன்னா வில்லங்கத்துல பேங்கு பேரு பேய் மாதிரி நிக்கும். பத்திரத்தை 30 நாளுக்குள்ள திருப்பித் தரணும். பேங்கு தப்பால லேட்டாச்சுன்னா நாளுக்கு 5,000 ரூபா நஷ்டஈடு உனக்கு. 2023 டிசம்பர்லேருந்து அதான் ரூலு. நீ போய் அவசரப்படுத்தாத தம்பி. "பரவால்ல சார், மெதுவா தேடுங்க"ன்னு சொல்லிட்டு ஒரு டீயை வாங்கிக் குடு. இருவது வருசத்துல மீட்டரு உன் பக்கம் ஓடுற நாளு அது ஒண்ணுதான்.