இ-வே பில் தேவைப்படாத பெண்

பல்லடத்தில் கிளம்பும் பனியன் லோடு அவிநாசிபாளையம் நால்ரோட்டைத் தாண்டித் திருச்சிப் பக்கம் போக வேண்டுமானால் பில் வேண்டும், இ-வே பில் வேண்டும். அதிகாரி கைகாட்டினால் டிரைவர் இறங்கிப் போய்க் காட்ட வேண்டும். எத்தனை பீஸ், யாருக்குப் போகிறது, என்ன விலை, எல்லாம் அதில் இருக்கும். சரக்கு போய்ச் சேராவிட்டால் கேட்க ஆள் உண்டு.

பத்தொன்பது வயதுப் பெண்ணை அனுப்ப இந்தத் தொந்தரவெல்லாம் இல்லை. அப்பா வந்து நின்றால் போதும்.

2023 டிசம்பர் 31 அன்று திருப்பூரில் அவளுக்குக் கல்யாணம். பையனும் பெண்ணும் பட்டுக்கோட்டைப் பக்கத்து ஊர்க்காரர்கள், இங்கே பனியன் கம்பெனி வேலை. பையன் பட்டியல் சாதி, பெண் வேறு சாதி. கல்யாண வீடியோ வாட்ஸ்அப்பில் ஊருக்குப் போய்விட்டது. ஜனவரி 2 அன்று பல்லடம் காவல் நிலையம் பெண்ணை அப்பாவோடு அனுப்பிவைத்தது. மறுநாள் அவள் உயிரோடு இல்லை. உடலையும் எரித்துவிட்டார்கள்.

சாதி பார்க்க இந்த ஊருக்கு நேரமில்லை என்று பெருமை பேசுவோம். வாஸ்தவம்தான். கைமடி வேலைக்கு ஆள் குறைந்தால் யாரும் சாதி கேட்பதில்லை. ஒடிசாவோ பீகாரோ, வேன் வைத்துக் கூட்டிவருவார்கள். அதே ஆள் வாடகைக்கு வீடு கேட்டுப் போகும்போதுதான், "நீங்க என்ன ஆளுங்க?" என்ன மரியாதை பாருங்கள்! 'ங்க' போடாமல் ஒருவரை அவமானப்படுத்த எங்களுக்கு வராதுங்க.

"அது தஞ்சாவூர்க்காரங்க விவகாரம், நாம என்ன பண்ண?" என்று வேட்டியை உதறும் பெரியவர்களே, உடுமலை எந்த மாவட்டத்தில் இருக்கிறது? 2016 மார்ச் 13 அன்று துணி எடுத்துவிட்டு வந்த, சாதி மாறிக் கல்யாணம் செய்த சங்கரையும் கௌசல்யாவையும் பேருந்து நிலையத்தருகே பட்டப்பகலில் வெட்டினார்கள். சங்கர் செத்தார். கூடி நின்றவர்கள் பார்த்தார்கள், கேமராவும் பார்த்தது. சாட்சி சொல்ல கேமராவுக்காவது துணிச்சல் இருந்தது.

மிரட்டலுக்கு ஆளாகும் தம்பதிக்குப் பாதுகாப்பு இல்லம், மாவட்டந்தோறும் தனிப்பிரிவு, 24 மணி நேர உதவி எண் என்று 2018 மார்ச்சில் சக்தி வாஹினி வழக்கில் உச்ச நீதிமன்றம் வரிசையாகச் சொன்னது. ஐந்து வருஷம் கழித்தும் அந்தத் தீர்ப்பு பல்லடத்தில் வந்து இறங்கவில்லை. எங்கே மாட்டிக்கொண்டதோ, அதற்கு இ-வே பில் போட்டார்களோ இல்லையோ!

அந்தப் பத்தொன்பது வயதுப் பெண்ணின் பெற்றோரைக் கைது செய்தார்கள், பல்லடம் இன்ஸ்பெக்டரை சஸ்பெண்ட் செய்தார்கள். 2025 அக்டோபரில் தமிழக அரசு, ஆணவக்கொலைக்குத் தனிச்சட்டம் பற்றிப் பரிந்துரைக்க ஓய்வுபெற்ற நீதிபதி பாஷா தலைமையில் ஆணையம் அறிவித்தது. அந்தச் சட்டத்தில் ஒரு வரி கட்டாயம் வேண்டும்: வயது வந்த பெண்ணை அவள் விருப்பத்துக்கு மாறாக வீட்டாரிடம் ஒப்படைக்கும் போலீஸ்காரரின் பெயரும் முதல் தகவல் அறிக்கையில் ஏற வேண்டும்.