சின்னம் ஒட்டிய நியாயம்

தமிழ்நாடு–கேரள எல்லையிலுள்ள களியக்காவிளையின் டீக்கடையில் தமிழ்ப் பேப்பரும் மலையாளப் பேப்பரும் ஒரே பெஞ்சில் கிடக்கும். ஒரே செய்திக்கு இரண்டு நியாயம் இங்கே பழகிய சங்கதி. 2012 பிப்ரவரி 15 அன்று 'என்ரிகா லெக்ஸி' என்ற இத்தாலியக் கப்பலிலிருந்து அந்நாட்டுக் கடற்படை வீரர்கள் சுட்டதில் இரண்டு மீனவர்கள் இறந்தார்கள்; ஒருவர் குமரி மாவட்டத்துக்காரர். இங்கே அது கொலை; ரோமில், கடற்கொள்ளையரென நினைத்துச் செய்த கடமை. அதே ஆண்டு அக்டோபரில் கிரேட்டர் நொய்டா கார் பந்தயத்தில் ஃபெராரி கார்கள் இத்தாலியக் கடற்படைச் சின்னத்தோடு சீறின. மீன்பிடிப் படகுக்குச் சின்னம் ஒட்ட ஆளில்லை.

"முடிவு சொன்னது சர்வதேச நடுவர் மன்றம், ஊடகமா?" எனலாம். சரிதான்: 2020இல் அது வீரர்களுக்குச் சட்டப் பாதுகாப்பும் இந்தியாவுக்கு இழப்பீடும் என்றது, 2021இல் 10 கோடி ரூபாயோடு வழக்கு முடிந்தது. ஆனால் முதல் வாரமே பேசி முடித்திருந்தால் எந்த மந்திரியின் முகம் டிவியில் வந்திருக்கும்?