ஓடும் அருவிப் படமும் முல்லைத் திணையும்: ஒரு காத்திருப்பு அறை ஆய்வு

கிளினிக்குகளில், டாக்டர் அறைக் கதவுக்கு மேலேயோ மீன்தொட்டிக்குப் பக்கத்திலோ, மின்சாரத்தில் ஓடும் அருவிப் படம் ஒன்று மாட்டியிருக்கும். மூன்றடி அகலம், பொன்னிற பிளாஸ்டிக் சட்டம். சில ரகங்களில் குருவிச் சத்தமும் உண்டு. கலை வரலாற்று நூல்கள் இதைப் பற்றி மூச்சுவிடுவதில்லை. 24 சென்டிமீட்டர் உயரமும் 33 சென்டிமீட்டர் அகலமுமான டாலியின் உருகும் கடிகாரங்களுக்கு (1931) நியூயார்க் நவீனக் கலை அருங்காட்சியகத்தில் இடம் இருக்கிறது. டாலி காலம் உருகுவதாக வரைந்து காட்டியதோடு சரி. அருவிப் படமோ எதிரே உட்கார்ந்திருப்பவரின் காலத்தையே கலைத்துப்போட்டு, கூடவே கண்ணையும் ஏமாற்றுகிறது. இதை நிறுவுவதே இக்கட்டுரையின் நோக்கம்.

முதலில் கருவி. பின்னால் ஒரு டியூப்லைட். முன்னால் ஒளி ஊடுருவும் தாளில் அச்சிட்ட மலைக்காட்சி. நடுவே கோடு போட்ட பிலிம் பட்டை ஒன்று, சின்ன மோட்டாரின் தயவில் ஓயாமல் சுற்றுகிறது. கோடுகள் நகர, வெளிச்சம் விட்டுவிட்டு வர, தண்ணீர் விழுவதாகக் கண் நம்பிவிடுகிறது. பல்பின் சூட்டிலேயே உள் உருளை சுழலும் நயாகரா விளக்குகள் அமெரிக்காவில் 1920களிலேயே இருந்தன. நம் ஊர்ப் படம் அந்தக் குலத்தில் பிறந்தது. பட்டை ஒரு வளையம் என்பதால் விழுந்த தண்ணீரேதான் திரும்பத் திரும்ப விழுகிறது. ஒரே ஆற்றில் இரண்டு முறை இறங்க முடியாது என்ற கிரேக்கத் தத்துவஞானி ஹெராக்லிட்டஸ் இதன் முன்னால் டோக்கன் வாங்கி உட்கார்ந்தவரல்லர். கீழே உள்ள குளமும் நிறைவதில்லை, வற்றுவதுமில்லை. டச்சு ஓவியர் எஷர் 1961இல் 'அருவி' என்ற கல்லச்சுப் படத்தில், விழுந்த நீர் வாய்க்கால் வழியே தானாக உச்சிக்குப் போய் மறுபடி விழும்படி செய்தார். அதற்கு லயனல் பென்ரோஸ், ரோஜர் பென்ரோஸ் என்ற தந்தையும் மகனும் 1958இல் வெளியிட்ட சாத்தியமற்ற முக்கோணம் அவருக்குத் தேவைப்பட்டது. கிளினிக்கில் ஒரு பிளக் பாயிண்ட் போதும்.

அடுத்தது கண். அருவியை உற்றுப் பார்த்துவிட்டு, பக்கத்தில் அசையாமல் இருக்கும் பொருளைப் பார்த்தால் அது மேல்நோக்கி நகர்வதாகத் தோன்றும். ஸ்காட்லாந்தின் ஃபாயர்ஸ் அருவியில் இதைக் கண்டு 1834இல் எழுதியவர் ராபர்ட் ஆடம்ஸ். ஓடும் நீரைப் பார்த்தபின் நிற்பவையும் நகர்வதாகத் தெரியும் என்பதை அரிஸ்டாட்டில் கனவுகளைப் பற்றிய நூலிலேயே சொல்லிவிட்டார். கீழ்நோக்கிய அசைவைக் கவனிக்கும் மூளைச் செல்கள் களைத்துப்போக, மேல்நோக்கிய அசைவுக்கானவற்றின் கை ஓங்கிவிடுகிறது. ஆடம்ஸுக்குப் பாறைகள் ஏறின. நமக்குக் கம்பவுண்டர் தலைக்கு மேலே உள்ள டோக்கன் பலகை ஏறுகிறது. "அட, ஏறுதே" என்று நிமிர்ந்து உட்காருகிறோம். ஏறியது பலகைதான். எண் அதே 17.

கண்ணுக்குப் பிறகு காலம். வெறுமையான காலம் கழியும்போது நீளமாகவும், பிறகு நினைத்துப் பார்க்கையில் குட்டையாகவும் தெரியும் என்று உளவியலாளர் வில்லியம் ஜேம்ஸ் 1890இல் எழுதினார். "இவ்வளவு நேரம் அங்க என்னதான் பண்ணீங்க?" என்று வீட்டில் கேட்கும்போது விழிக்கிறோமே, அதற்கு இதற்குமேல் விளக்கம் வேண்டியதில்லை.

படத்துக்குள் இருக்கும் காலம் எது என்பதே கடினமான கேள்வி. உச்சியில் பனி. சரிவில் இலையுதிர்கால மேப்பிள், செக்கச்செவேலென்று. கரையில் வசந்தத்தில் பூக்கும் செர்ரி. குளத்தில் வாத்து; சில பிரதிகளில் தாமரையும். தொல்காப்பியம் நிலத்தையும் பொழுதையும் முதற்பொருள் என்கிறது. திணைகள் ஒன்றோடொன்று மயங்கலாம், நிலங்கள் மட்டும் மயங்கக் கூடாது என்று வரம்பும் கட்டுகிறது. படத்தை உருவாக்கியவர் ஆல்ப்ஸ் மலையடிவாரத்தில் ஜப்பானை நட்டு அந்த வரம்பைத் தகர்த்திருக்கிறார். உரையாசிரியர் நச்சினார்க்கினியர் பார்த்திருந்தால் எப்படியாவது ஒரு அமைதி சொல்லிக் காப்பாற்றியிருப்பார்.

ஆனால் படத்தைவிட அதன் எதிரே இருப்பதுதான் ஆய்வுக்கு வளமான நிலம். காத்திருப்பு அறை, ஐயத்துக்கு இடமின்றி, முல்லை. பெரும்பொழுது கார், காய்ச்சல் சீசன். சிறுபொழுது மாலை, வாசல் போர்டிலேயே 'மாலை 6 முதல் 9 வரை' என்று போட்டிருக்கிறது. உரிப்பொருள் இருத்தல், அதுவும் இரும்பு நாற்காலியில். தலைவன் வினைமேற் சென்றிருக்கிறான். வேறோர் ஆஸ்பத்திரியில் ஆபரேஷன். வருவதாகச் சொன்ன பொழுது வந்துவிட்டது, அவன் வரவில்லை. ஆற்றுவிக்கும் தோழியாகக் கம்பவுண்டர்: "கிளம்பிட்டாருங்க, வந்துட்டே இருக்காரு." வரிசையைத் தாண்டி நேரே உள்ளே போகும் மெடிக்கல் ரெப்புக்கு இணை தேடினால் மருதத் திணைக்குள் புக வேண்டியிருக்கும், கட்டுரையின் கண்ணியம் கருதித் தவிர்க்கிறேன்.

முல்லையில் இருப்பவர் கண்ணெதிரே அருவியைத் தொங்கவிட்டதன் உட்பொருள் இப்போது விளங்கும். அருவி குறிஞ்சிக்கு உரிய நீர். குறிஞ்சியின் உரிப்பொருள் புணர்தல், சிறுபொழுது யாமம். அதாவது, டாக்டரைக் கட்டாயம் சந்திப்பீர்கள். ஆனால் நள்ளிரவு ஆகிவிடும். படம் இதை வெளிப்படையாகவே அறிவித்துவிடுகிறது. இலக்கணம் படிக்காதவர்கள்தான் கம்பவுண்டரிடம் சண்டைக்குப் போகிறார்கள்.

அருவிப் படம் காலத்தைக் கலைக்கிறது என்ற கருதுகோளைச் சோதிக்க மின்வெட்டைவிட நல்ல ஆய்வுக்கூடம் இல்லை. இன்வெர்ட்டர் கனெக்ஷன் டாக்டர் அறைக்கும் வெளியே ஒரு விளக்குக்கும் மட்டும்தான், அருவிக்குக் கிடையாது. 1969இல் அமெரிக்க ராணுவப் பொறியாளர்கள் பாறையை ஆராய்வதற்காக நயாகராவின் அமெரிக்க அருவியை மாதக்கணக்கில் நிறுத்தியபோது, வறண்ட பாறையைப் பார்க்கவே கூட்டம் திரண்டது. இங்கே நின்றுபோன அருவியை ஒருவரும் சீண்டுவதில்லை. மருந்துக் கம்பெனி அன்பளித்த சுவர்க் கடிகாரம் அதுவரை யார் கண்ணிலும் படாமல் இருந்தது. இப்போது எல்லாரும் அதைத்தான் பார்க்கிறார்கள். "மணி எட்டே முக்காலா!" 21 எப்படி உள்ளே போனது, 19 யார் கையில் இருக்கிறது, "ரிப்போர்ட் மட்டும் காட்டணும்" என்று சொல்லி நுழைந்தவர் ஏன் இன்னும் வெளியே வரவில்லை என்று விசாரணை சூடுபிடிக்கிறது. கரண்ட் வந்ததும் தண்ணீர் விழுகிறது, குருவி கத்துகிறது, விசாரணை அப்படியே கிடப்பில் போய்விடுகிறது.

பல் மருத்துவமனைகளை இந்த ஆய்வில் சேர்க்கவில்லை. அங்கே உரிப்பொருள் பிரிதல், அது பாலை.